மழைக்காட்டின் தொல்மாந்தர்

நுழையும்முன்

எழுத்து தோன்றுவதற்கு முன் வாழ்ந்த மனிதரின் வரலாற்றை மண்ணே எழுதி வைத்திருக்கிறது. எலும்பு, கரி, விதையின் ஓடு, பாறையில் படிந்த காவி ஆகியவை அவ்வரலாற்றின் எழுத்துகள். அவற்றைப் படிக்கும் கலையே தொல்லியல். உலகின் மூன்றாவது பெரிய தீவான போர்னியோவில் கிடைத்த சான்றுகள், மழைக்காட்டைப் பற்றியும் தொன்மை மனிதரைப் பற்றியும் நெடுங்காலம் நிலவிய எண்ணங்களை மாற்றியமைத்தன. அச்சான்றுகளையும் அவற்றை ஆராய்ந்த முறைகளையும் இப்பாடம் விளக்குகிறது.

தீவும் காடும்

கிரீன்லாந்து, நியூகினி ஆகிய இரண்டிற்கும் அடுத்த நிலையில் உலகின் பெரிய தீவாக விளங்குவது போர்னியோ. அதன் பரப்பு ஏறத்தாழ 7,43,000 சதுர கி.மீ. இது தமிழ்நாட்டின் பரப்பைப்போல் ஐந்து மடங்கிற்கும் மிகுதியாகும். நிலநடுக்கோடு தீவின் ஊடாகச் செல்கிறது. வடக்கே மலேசியாவின் சபா, சரவாக் மாநிலங்களும் புருணை நாடும் அமைந்துள்ளன. தீவின் பெரும்பகுதி இந்தோனேசியாவைச் சேர்ந்தது. அப்பகுதி கலிமந்தான் என வழங்கப்படுகிறது. 4,095 மீட்டர் உயரமுள்ள கினபாலு மலையும் கப்புவாஸ், மகாகம், பாரித்தோ முதலிய பேராறுகளும் இத்தீவின் நிலத்தையும் வாழ்வையும் வடிவமைத்தவை.

இன்று கடலால் சூழப்பட்டிருக்கும் இந்நிலம் என்றும் தீவாகவே இருந்ததில்லை. உறைபனிக் காலத்தில் உலகின் நீரில் ஒரு பகுதி நிலத்தின்மேல் பனிப்பாளமாக உறைந்து கிடந்தது. அதனால் கடல்மட்டம் தாழ்ந்தது. ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், பனி உச்சநிலையில் இருந்தபோது, கடல்மட்டம் இன்றுள்ளதைவிட 120 மீட்டர் அளவிற்குக் கீழே இருந்தது. அக்காலத்தில் போர்னியோ, சுமத்திரா, சாவகம் ஆகிய தீவுகள் மலாய்த் தீபகற்பத்தோடு இணைந்து ஒரே நிலப்பரப்பாக விளங்கின. அப்பெருநிலத்தைப் புவியியலாளர் ‘சுந்தா நிலம்’ என்பர். ஆசியாவின் பெருநிலத்திலிருந்து புறப்பட்ட மனிதர் கால்நடையாகவே போர்னியோவை அடைய இயன்றது இதனால்தான். பனி உருகிக் கடல் உயர்ந்தபின் தாழ்நிலங்கள் நீரில் மூழ்கின, மேட்டுநிலங்கள் தீவுகளாயின.

ஓர் ஐயம்

வந்தவர்கள் மழைக்காட்டில் எவ்வாறு வாழ்ந்தார்கள்? இவ்வினா அறிஞரிடையே நீண்ட விவாதத்தை எழுப்பியது. பசுமை செறிந்த காட்டில் உணவுக்குக் குறைவிராது என்று தோன்றலாம். உண்மை நிலை வேறு. அங்குள்ள விலங்குகளில் பல, தரையில் உலவாமல் மரங்களின் உச்சியில் வாழ்பவை. கனிகள் ஆண்டு முழுவதும் கிடைப்பதில்லை. மாவுச்சத்து நிறைந்த கிழங்குகளும் விதைகளும் சிதறிக் கிடக்கின்றன. அவற்றுள் பல நஞ்சுடையவை. எனவே, வேளாண் மக்களோடு பண்டமாற்று செய்யாமல் மழைக்காட்டில் மட்டுமே வாழ்வது வேட்டைச் சமூகத்தினர்க்கு இயலாது என 1980களில் மானிடவியல் அறிஞர் சிலர் வாதிட்டனர். வேளாண்மை தோன்றுவதற்கு முன் மழைக்காடு மனிதர் குடியேறாத வெற்றிடமாகவே இருந்திருக்கும் என்பது இவ்வாதத்திலிருந்து பெறப்பட்ட முடிவு.

இவ்வையத்தைத் தீர்க்கச் சொல்லால் இயலாது, சான்றால்தான் இயலும். ஆனால், மழைக்காட்டில் சான்று தேடுவது எளிதன்று. அமில மண்ணும் இடையறா ஈரமும் எலும்பையும் மரத்தையும் விரைவில் அழித்துவிடும். இவ்வழிவிலிருந்து தப்பிய இடங்கள் சுண்ணாம்புப் பாறைக் குகைகள். மழை புகாத மேற்கூரையும் அமிலத்தைத் தணிக்கும் சுண்ணாம்பும் பல்லாயிரம் ஆண்டுப் பொருள்களைப் பேணிக் காத்தன. ஆகவே, போர்னியோவின் தொன்மையைத் தேடியவர்கள் குகைகளையே நாடினர்.

நியா பெருங்குகை

சரவாக் மாநிலத்தில் தென்சீனக் கடற்கரையிலிருந்து ஏறத்தாழ 15 கி.மீ. தொலைவில் சுபிஸ் என்னும் சுண்ணாம்புக் குன்று உள்ளது. அக்குன்றில் நியா பெருங்குகை அமைந்திருக்கிறது. அதன் மேற்கு வாயில் ஏறத்தாழ 60 மீட்டர் உயரம் உடையது. குகையின் கூரையில் உழவாரக் குருவிகள் உமிழ்நீரால் கூடு கட்டுகின்றன. உண்ணத்தக்க அக்கூடுகளை எடுப்பவர்கள் நெடிய கழிகளில் ஏறிப் பணியாற்றுவதை இன்றும் காணலாம். குகையின் தரையில் படிந்த வௌவால், பறவை எச்சங்கள் உரமாக அள்ளப்படுகின்றன. இவ்வாறு குகை மக்கள் வாழ்வோடு இன்றும் தொடர்புடையதாகவே இருக்கிறது.

19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஹார்ட் எவரெட் என்பவர் சரவாக்கின் குகைகளை ஆராய்ந்தார். எதிர்பார்த்த தொன்மைச் சான்றுகள் அவருக்குக் கிடைக்கவில்லை. அதன்பின் நெடுங்காலம் குகைகளை எவரும் பொருட்படுத்தவில்லை. 1947இல் சரவாக் அருங்காட்சியகத்தின் பொறுப்பை ஏற்ற டாம் ஹாரிசன் இந்நிலையை மாற்றினார். இவர் தொல்லியலில் முறையான பயிற்சி பெற்றவர் அல்லர், பறவைகளை ஆராய்ந்தவர், இரண்டாம் உலகப்போரின் இறுதியில் வான்குடை வழியாகப் போர்னியோவின் மலைநாட்டில் இறங்கியவர். 1954இல் நியாவில் முதற்சோதனை அகழாய்வை மேற்கொண்ட இவர், சில ஆண்டுகளுக்குப் பின் தம் மனைவி பார்பரா ஹாரிசனுடனும் உள்ளூர்ப் பணியாளர்களுடனும் பெரிய அளவில் அகழத் தொடங்கினார்.

குகை வாயிலின் ஒரு பகுதியில் வெப்பமும் புழுக்கமும் தாங்கவொண்ணாதவையாக இருந்தன. அங்குப் பணியாற்றியவர்கள் அவ்விடத்திற்கு ‘நரகக்குழி’ எனப் பெயரிட்டனர். 1958ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் அக்குழியில் இரண்டரை மீட்டருக்கும் கூடுதலான ஆழத்தில் மனித மண்டையோடு ஒன்று வெளிப்பட்டது. கிடைத்த ஆழத்தால் அது ‘ஆழ்மண்டையோடு’ என்று பெயர் பெற்றது. அதன் அருகில் எடுக்கப்பட்ட கரித்துண்டைக் கதிரியக்கக் கார்பன் முறையில் ஆராய்ந்தபோது ஏறத்தாழ 40,000 ஆண்டுகள் என்னும் காலம் கிடைத்தது. அந்நாளில் தென்கிழக்கு ஆசியாவில் தற்கால மனித இனத்தைச் சேர்ந்த எவருடைய எலும்புக்கும் இத்துணைத் தொன்மை கூறப்பட்டதில்லை.

தெரிந்து தெளிவோம்

உயிரினங்கள் வாழுங்காலத்தில் வளிமண்டலத்திலிருந்து கார்பனைப் பெற்றுக்கொண்டே இருக்கின்றன. அதில் மிகச் சிறிய அளவு கதிரியக்கத் தன்மையுடைய கார்பன்-14 ஆகும். உயிர் நீங்கியபின் புதிதாகக் கார்பன் சேர்வதில்லை. உள்ள கார்பன்-14 சிதைந்து குறையத் தொடங்கும். ஏறத்தாழ 5,730 ஆண்டுகளில் அது பாதியாகும். எஞ்சிய அளவைக் கொண்டு காலத்தைக் கணிக்கலாம். ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்கு மேற்பட்டவற்றில் எஞ்சுவது மிகக் குறைவு; அவற்றிற்கு இம்முறை பயன்படாது. வில்லார்டு லிபி என்னும் வேதியியலார் உருவாக்கிய இம்முறைக்காக அவருக்கு 1960இல் நோபல் பரிசு வழங்கப்பட்டது.

மண்ணடுக்கின் மொழி

இக்கண்டுபிடிப்பு வியப்பை ஏற்படுத்தியது, ஐயத்தையும் ஏற்படுத்தியது. கரிக்கும் மண்டையோட்டிற்கும் ஒரே வயது என்பதற்கு என்ன உறுதி? பிற்காலத்தவர் குழி தோண்டி ஒருவரைப் புதைத்திருந்தால், இளைய எலும்பு மூத்த மண்ணிற்குள் சென்றிருக்கும் அல்லவா? இவ்வினாக்களுக்கு விடை கூற, அகழ்ந்தபோது மண்ணடுக்குகள் நுட்பமாகப் பதிவு செய்யப்பட்டிருக்க வேண்டும். ஹாரிசன் மண்ணின் நிறத்தையும் தன்மையையும் பின்பற்றி அகழாமல், பெரும்பாலும் ஆழத்தை அளந்தே அகழ்ந்தார். குகைத்தரையோ சமதளமானதன்று, ஓரிடத்தில் ஒரு மீட்டர் ஆழத்தில் உள்ள அடுக்கு மற்றோரிடத்தில் இரண்டு மீட்டர் ஆழத்தில் இருக்கக்கூடும். மேலும், முழுமையான ஆய்வறிக்கையை அவர் வெளியிடவில்லை. அதனால் உலகின் மிக முதன்மையான சான்றுகளுள் ஒன்று, நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஐயத்திற்குரியதாகவே இருந்தது.

2000ஆம் ஆண்டில் கிரேம் பார்க்கர் தலைமையில் பன்னாட்டு ஆய்வுக்குழு ஒன்று சரவாக் அருங்காட்சியகத்தோடு இணைந்து நியாவில் மீண்டும் பணியைத் தொடங்கியது. குழுவினர் புதிய இடத்தைத் தோண்ட விரையவில்லை. ஹாரிசன் அகழ்ந்த குழிகளின் பக்கச்சுவர்களைத் தூய்மை செய்து, அவற்றில் தெரிந்த மண்ணடுக்குகளை ஒவ்வொன்றாக ஆராய்ந்தனர். பழைய குறிப்பேடுகளையும் ஒளிப்படங்களையும் அருங்காட்சியகத்தில் இருந்த பொருள்களையும் அவற்றோடு ஒப்பிட்டனர். மண்டையோடு கிடந்த இடத்தை இவ்வாறு உறுதி செய்தபின், பலமுறைகளில் காலத்தைக் கணித்தனர். மண்டையோட்டின் எலும்பையே யுரேனியம் முறையில் ஆராய்ந்தபோது ஏறத்தாழ 37,000 ஆண்டுகள் எனத் தெரியவந்தது. குகையில் மனிதர் வாழ்ந்த சுவடுகள் ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்கு முன்னரே தொடங்குகின்றன. தொன்மை பற்றிய ஹாரிசனின் முடிவு சரியானதே. அதனை மெய்ப்பிக்கும் முறை மட்டுமே குறையுடையதாக இருந்தது.

மண்டையோட்டிற்கு உரியவர் யார் என்னும் கருத்திலும் மாற்றம் ஏற்பட்டது. தொடக்கத்தில் அது இளம்பருவ ஆண் ஒருவருடையது எனக் கருதப்பட்டது. 2016இல் வெளியான மறு ஆய்வு, நடுவயதுப் பெண்ணுக்கு உரியதாக இருக்கலாம் எனக் கூறியது. மெல்லிய உடலமைப்புடைய அப்பெண்ணின் தோற்றக்கூறுகள் ஆஸ்திரேலியப் பழங்குடியினரைவிடப் போர்னியோவில் இன்று வாழும் மக்களின் கூறுகளோடு நெருங்கியிருப்பதாகவும் அவ்வாய்வு சுட்டியது. ஒரே எலும்பு, கேட்கும் வினா கூர்மையாகுந்தோறும் புதிய விடைகளைத் தருகிறது.

நஞ்சை உணவாக்கிய அறிவு

நியாவின் மண்ணில் கண்ணுக்குப் புலப்படாத சான்றுகளும் இருந்தன. மகரந்தத் துகள்களை நுண்ணோக்கியால் ஆராய்ந்தபோது அக்காலத்துத் தாவரங்களின் வரலாறு வெளிப்பட்டது. சில காலங்களில் தாழ்நில மழைக்காடு செழித்திருந்தது. குளிர்ந்த காலங்களில் மலைத் தாவரங்கள் கீழ்நோக்கிப் பரவின. தீயால் எரிந்த நிலத்தில் முதலில் முளைக்கும் செடிவகை ஒன்றின் மகரந்தமும் மிகுதியாகக் கிடைத்தது. மனிதர் காட்டின் சில பகுதிகளை எரித்துத் திறந்தவெளி அமைத்திருக்கலாம் என்பதற்கு அது குறிப்பாகிறது. தாடிப்பன்றி, குரங்கு, ஒராங்குட்டான், ஆமை, மீன் ஆகியவற்றின் எலும்புகளும் காணப்பட்டன. மரத்தின்மேல் வாழும் விலங்குகளைப் பிடிக்கும் திறன் அம்மக்களுக்கு இருந்தது.

எல்லாவற்றிலும் வியப்பிற்குரியது உணவு பதப்படுத்திய முறை. பாங்கியம் என்னும் மரத்தின் விதைகளில் உயிரைப் பறிக்கும் சயனைடு நஞ்சு உள்ளது. காட்டு வள்ளிக்கிழங்கின் ஒருவகையும் நஞ்சுடையது. இவ்விரண்டின் எச்சங்களும் குகையில் கிடைத்தன. பாங்கிய விதையின் ஓடுகள், சாம்பல் நிரம்பிய குழிகளில் காணப்பட்டன. விதைகளை வேகவைத்துச் சாம்பலோடு மண்ணில் பல நாள்கள் புதைத்து வைத்து நஞ்சை நீக்கும் வழக்கம் தென்கிழக்கு ஆசியாவில் இன்றும் உள்ளது. நஞ்சு நீங்கிய விதை, சாவக மக்கள் விரும்பி உண்ணும் கருங்குழம்பிற்குச் சுவையூட்டும் பொருளாகிறது. குகையில் வாழ்ந்தோரும் இத்தகைய முறையைக் கையாண்டிருக்கலாம் என்பது ஆய்வாளர் கருத்து.

இவ்வறிவு ஒருநாளில் தோன்றியிருக்க இயலாது. எந்த விதை கொல்லும், எத்தனை நாள் புதைத்தால் அது உணவாகும் என்பதை ஒருவர் கண்டறிந்து மற்றவர்க்குச் சொல்லியிருக்க வேண்டும். அவர் அடுத்த தலைமுறைக்குக் கற்பித்திருக்க வேண்டும். சொல்வதில் பிழை நேர்ந்தால் உயிர் போகும். எனவே, சாம்பற்குழியில் கிடந்த அவ்வோடுகள் மொழியாலும் கற்பித்தலாலும் பிணைந்த ஒரு சமூகம் அங்கு வாழ்ந்ததை உணர்த்துகின்றன. வேளாண்மை இல்லாமல் மழைக்காட்டில் வாழ இயலாது என்னும் வாதம் இச்சான்றுகளின்முன் வலுவிழந்தது.

பாறையில் பதிந்த கைகள்

தீவின் கிழக்குப் பகுதியில், கிழக்குக் கலிமந்தானின் சங்குலிராங் – மங்காலிஹாட் தீபகற்பத்தில், செங்குத்தான சுண்ணாம்புக் குன்றுகள் நிறைந்துள்ளன. அங்குள்ள குகைகளில் ஓவியங்கள் இருப்பதை 1990களில் பிரெஞ்சு, இந்தோனேசிய ஆய்வாளர்கள் வெளிப்படுத்தினர். பாறையின்மேல் கையை விரித்து வைத்து, அதைச் சுற்றிக் காவி நீரை வாயால் ஊதித் தெளித்து உருவாக்கிய கைத்தடங்கள் அவற்றுள் மிகுதி. சில கைத்தடங்களின் உட்பகுதியில் கோடுகளும் புள்ளிகளும் வரையப்பட்டுள்ளன. கோட்டுருவ மனிதர்களும் விலங்குகளும் உண்டு.

லுபாங் ஜெரிஜி சாலே என்னும் குகையில் செங்காவி நிறத்தில் காட்டுமாடு போன்ற விலங்கொன்றின் உருவம் காணப்படுகிறது. அவ்வோவியத்தின்மேல் காலப்போக்கில் படிந்திருந்த சுண்ணாம்புப் படலத்தை யுரேனியம் முறையில் ஆராய்ந்தனர். ஓவியத்தின்மேல் படிந்த படலம் ஓவியத்தைவிட இளையதாகவே இருக்க வேண்டும். படலத்தின் வயது 40,000 ஆண்டுகள் எனில் ஓவியம் குறைந்தது அத்தொன்மை உடையது. 2018இல் இம்முடிவு வெளியானபோது, உலகில் காலம் கணிக்கப்பட்ட உருவ ஓவியங்களுள் இதுவே மிகப் பழையதாக இருந்தது. பின்னர் அண்டைத் தீவான சுலவேசியில் இதனினும் தொன்மையான ஓவியங்கள் கண்டறியப்பட்டன. ஓவியக்கலை ஐரோப்பாவில் தோன்றி உலகெங்கும் பரவியது என்னும் கருத்து இவற்றால் மறுக்கப்பட்டது.

இழந்த காலும் இழக்காத வாழ்வும்

இக்குன்றுகளுக்கிடையே லியாங் தெபோ என்னும் குகை உள்ளது. 2020இல் ஆஸ்திரேலிய, இந்தோனேசிய ஆய்வாளர்கள் அங்கு மனிதப் புதைகுழி ஒன்றை அகழ்ந்தனர். கால்களை மடக்கிய நிலையில் ஒருவர் புதைக்கப்பட்டிருந்தார். குழியின்மேல் அடையாளமாகச் சுண்ணாம்புக் கற்கள் வைக்கப்பட்டிருந்தன. அருகில் செங்காவிக் கட்டி ஒன்றும் இருந்தது. கரியையும் பல்லையும் கொண்டு கணித்ததில் அப்புதைகுழி ஏறத்தாழ 31,000 ஆண்டுகளுக்கு முற்பட்டது எனத் தெரிந்தது. இறந்தபோது அவருடைய வயது ஏறத்தாழ இருபது.

எலும்புகளைத் தூய்மை செய்தபோது, இடது காலின் கீழ்ப்பகுதியும் பாதமும் இல்லாதிருப்பதை ஆய்வாளர்கள் கண்டனர். அவை மண்ணில் சிதைந்து மறைந்தவை அல்ல. கணுக்காலுக்கு மேலே எலும்பு சீராக வெட்டப்பட்டு, வெட்டுமுனை முழுவதும் ஆறி மூடியிருந்தது. விலங்கு கடித்திருந்தாலோ பாறை விழுந்திருந்தாலோ எலும்பு நொறுங்கியிருக்கும். அத்தகைய அடையாளம் இல்லை. சீழ் பிடித்ததற்கான தடயமும் இல்லை. ஆகவே, அது திட்டமிட்டுச் செய்யப்பட்ட அறுவை என்னும் முடிவிற்கு அவர்கள் வந்தனர். எலும்பின் வளர்ச்சிநிலையிலிருந்து, சிறுவயதில் கால் அகற்றப்பட்டதும் அதன்பின் ஆறு முதல் ஒன்பது ஆண்டுகள் அவர் வாழ்ந்ததும் புலனாயின. 2022இல் இவ்வாய்வு வெளியாகும் வரை, உறுப்பு நீக்க அறுவையின் மிகப் பழைய சான்றாகக் கருதப்பட்டது பிரான்சில் கிடைத்த, ஏறத்தாழ 7,000 ஆண்டுகளுக்கு முற்பட்ட வேளாண்குடி மனிதர் ஒருவரின் எலும்புக்கூடு.

இரும்பு அறியாத காலத்தில், கற்கருவியால் ஒரு குழந்தையின் காலை அகற்ற வேண்டுமெனில் தசை, நரம்பு, குருதிக்குழாய் ஆகியவற்றைப் பற்றிய பட்டறிவு தேவை. குருதிப்பெருக்கை நிறுத்தத் தெரிந்திருக்க வேண்டும். வெப்பமும் ஈரமும் மிகுந்த காட்டில் புண் அழுகாமல் காக்கவும் தெரிந்திருக்க வேண்டும். காட்டு மூலிகைகளின் பயனை அவர்கள் அறிந்திருக்கலாம் என ஆய்வாளர் கருதுகின்றனர்.

அறுவையினும் அரிது, அதற்குப் பின்னர் வந்த ஆண்டுகள். காயம் ஆறும்வரை எவரோ உணவும் நீரும் கொண்டுவந்து கொடுத்தனர். புண்ணைத் தூய்மை செய்தனர். கரடுமுரடான குன்றுகளில் ஒற்றைக்காலுடன் நடமாட உதவினர். இடம் மாறியபோது அக்குழந்தையை விட்டுச் செல்லவில்லை. உழைக்க இயலாதவரைத் தொன்மைச் சமூகம் கைவிட்டிருக்கும் என்னும் எண்ணத்தை அவ்வெலும்பு மறுத்து நிற்கிறது. அவர் ஆணா பெண்ணா என்பது தெரியவில்லை. அவர் பெயரும் தெரியாது. அவரைச் சூழ்ந்திருந்த மக்களின் பரிவு மட்டும் ஆறிய எலும்பில் எழுதப்பட்டிருக்கிறது.

உழவும் கடலும்

ஏறத்தாழ 4,000 ஆண்டுகளுக்கு முன் தீவின் வாழ்வில் புதிய கூறுகள் தோன்றின. தைவானிலிருந்து பிலிப்பைன்ஸ் வழியாகப் பரவிய ஆஸ்திரோனேசிய மொழி பேசுவோர் கடல்வழியே போர்னியோவை அடைந்தனர். மட்கலமும் மெருகேற்றிய கற்கருவிகளும் பரவின. சரவாக்கின் குவா சிரே குகையில் கிடைத்த பானை ஓடொன்றில் நெல்லின் எச்சம் பதிந்திருந்தது. அதன் தொன்மை ஏறத்தாழ 4,000 ஆண்டுகள். ஆயினும், நெல் வந்தவுடன் காட்டுணவு மறைந்துவிடவில்லை. கிழங்கும் சவ்வரிசிப் பனையும் வேட்டையும் நெல்லோடு இணைந்தே தொடர்ந்தன. நியாவின் குகைவாயில் இக்காலத்தில் இடுகாடாகியது. மரப்பெட்டியிலும் தாழியிலும் இறந்தோர் புதைக்கப்பட்டனர்.

கடல் இம்மக்களுக்குத் தடையாக இருக்கவில்லை. சபாவின் புக்கிட் தெங்கோராக் என்னும் இடத்தில் எரிமலைக் கண்ணாடிக் கருவிகள் கிடைத்துள்ளன. அக்கல்லின் வேதியியல் கூறுகளை ஆராய்ந்ததில், அவற்றுட் சில நியூகினிக்குக் கிழக்கேயுள்ள நியூபிரிட்டன் தீவிலிருந்து வந்தவை எனத் தெரிந்தது. இடைப்பட்ட தொலைவு 3,000 கி.மீ.க்கும் மிகுதி. பிற்காலத்தில் இக்கடலோடிகளின் வழித்தோன்றல்கள் மேற்கிலும் சென்றனர். ஆப்பிரிக்காவை அடுத்த மடகாஸ்கர் தீவில் பேசப்படும் மலகாசி மொழிக்கு மிக நெருங்கிய உறவுடைய மொழி, தெற்குப் போர்னியோவின் பாரித்தோ ஆற்றுப்பகுதியில் வழங்கும் மாஅன்யான் ஆகும்.

கல்லில் எழுந்த எழுத்து

போர்னியோவின் வரலாற்றில் எழுத்துச் சான்று தோன்றும் இடத்தில் தென்னிந்தியாவின் தொடர்பும் தோன்றுகிறது. கிழக்குக் கலிமந்தானில் மகாகம் ஆற்றங்கரையில் உள்ள மோரா காமான் என்னும் ஊரில் ஏழு கற்றூண்கள் கிடைத்தன. நான்கு 1879இலும் மூன்று 1940இலும் கண்டெடுக்கப்பட்டன. இவை ‘யூபம்’ எனப்படும் வேள்வித்தூண்கள். யூபம் என்னும் சொல் சங்க இலக்கியத்திலும் ஆளப்பட்டுள்ளது. தூண்களில் உள்ள செய்திகள் வடமொழியில் அமைந்தவை. எழுத்து, தொடக்கக்காலப் பல்லவ எழுத்தோடு நெருங்கிய உறவுடைய தென்னிந்திய வடிவம். எழுத்தமைதியைக் கொண்டு அறிஞர் இவற்றின் காலத்தை ஏறத்தாழ கி.பி. 400 எனக் கணித்துள்ளனர். இந்தோனேசியாவில் கிடைத்த கல்வெட்டுகளுள் இவையே மிகப் பழையனவாகக் கருதப்படுகின்றன.

இக்கல்வெட்டுகள் மூலவர்மன் என்னும் மன்னனின் வேள்வியையும் கொடையையும் போற்றுகின்றன. அவன் தந்தை அசுவவர்மன், பாட்டன் குண்டுங்கன். தந்தை பெயரும் மகன் பெயரும் வடமொழிப் பெயர்கள். பாட்டனின் பெயரோ உள்ளூர் மரபினது. வெளியிலிருந்து வந்தவர்கள் நாட்டைக் கைப்பற்றினர் என்று கொள்வதற்கு இப்பெயர் வரிசை இடந்தரவில்லை. மண்ணின் தலைவர்களே கடல்வணிகத்தின் வழியே வந்த எழுத்தையும் சமயத்தையும் விரும்பி ஏற்றனர் என்பதையே இது காட்டுகிறது. ஏறத்தாழ ஐம்பதாயிரம் ஆண்டு மனித வாழ்வில், எழுத்து அறிந்த காலம் ஆயிரத்து அறுநூறு ஆண்டுகளே. எஞ்சிய காலம் முழுமைக்கும் மண்ணே சான்று.

காக்க வேண்டிய சுவடுகள்

2024ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் புதுதில்லியில் நடைபெற்ற யுனெஸ்கோவின் உலக மரபுக் குழுக் கூட்டத்தில், நியா தேசியப் பூங்காவின் குகைத்தொகுதி உலக மரபுச் சின்னமாக ஏற்கப்பட்டது. ஆனால், தீவின் எல்லாக் குன்றுகளுக்கும் இத்தகைய காப்பு அமையவில்லை. சுண்ணாம்புப் பாறை சிமெண்டு உற்பத்திக்கு மூலப்பொருள். காட்டை அழித்து எண்ணெய்ப்பனை பயிரிடுவதும் காட்டுத்தீயும் குகைகளின் சூழலை மாற்றுகின்றன. வெப்பமும் ஈரமும் மாறினால் பாறையின் மேற்பரப்பு செதிள்செதிளாக உதிரும். அதனோடு ஓவியமும் உதிரும். வெட்டிய குன்றை மீண்டும் வளர்க்க இயலாது. கலைந்த மண்ணடுக்கை மீண்டும் அடுக்கவும் இயலாது.

முறையாகப் பதிவு செய்யாத அகழாய்வால் ஆழ்மண்டையோடு நாற்பது ஆண்டுகள் ஐயத்திற்கு உள்ளானதை நியாவின் வரலாறு காட்டுகிறது. பழைய குழியைப் பொறுமையோடு மீண்டும் படித்ததால் அது தன் இடத்தைப் பெற்றது. லியாங் தெபோவில் மண்ணை நுட்பமாக அகற்றியதால்தான் ஒரு பாதம் இல்லாதிருப்பதும் சான்றாயிற்று. விரைந்து தோண்டியிருந்தால் அது காணாமற்போன எலும்பாகவே எண்ணப்பட்டிருக்கும். முப்பத்தோராயிரம் ஆண்டுகளுக்கு முன் ஒரு குழந்தையின் உயிரைக் காத்தது உடனிருந்தோரின் அக்கறை. அவ்வக்கறையின் வரலாற்றைக் காத்தது ஆய்வாளரின் அக்கறை. இனிவரும் காலத்திலும் மழைக்காட்டின் தொல்மாந்தர் பேச வேண்டுமெனில், அவர்கள் உறங்கும் குன்றுகள் நிற்க வேண்டும்.

கற்பவை கற்றபின்

1. நஞ்சுடைய விதையை உணவாக்கும் அறிவு ஒரு சமூகத்தில் எவ்வாறு தோன்றி, அடுத்த தலைமுறைக்குச் சென்றிருக்கும்? வகுப்பில் கலந்துரையாடுக.

2. ஓவியத்தின்மேல் படிந்த படலத்தின் வயதைக் கொண்டு ஓவியத்தின் குறைந்த அளவுத் தொன்மையை அறியும் முறையைப் படம் வரைந்து விளக்குக.

3. ‘அகழாய்வில் பொருளைக் கண்டெடுப்பதைவிட அது கிடந்த இடத்தைப் பதிவு செய்வதே முதன்மையானது’ – ஆழ்மண்டையோட்டின் வரலாற்றைச் சான்றாகக் காட்டி ஒரு பக்க அளவில் எழுதுக.

4. மூலவர்மன், அசுவவர்மன், குண்டுங்கன் ஆகிய பெயர்கள் உணர்த்தும் வரலாற்றுச் செய்தியை எடுத்துரைக்க.